ஆக்ரி அண்ணாச்சியின் ஒட்டகப் புத்தகம்

ஆங்கில எழுத்து இருபத்தாறில் ஒன்றைக்கூடத் தன் கையால் எழுதாமல், அந்த இருபத்தாறையும் பற்றித் திருவனந்தபுரத்தில் வேறு யாரையும்விட அதிகம் தெரிந்துவைத்திருந்தவர் ஆக்ரி அண்ணாச்சிதான். கல்லூரிப் பேராசிரியர்கள் இதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள். அண்ணாச்சியும் அவர்களிடம் பழைய செய்தித்தாள் வாங்குவதோடு சரி, பேச்சுக் கொடுக்க மாட்டார்.

"ரொம்பப் படிச்சவங்க வீட்டுப் பேப்பர்ல ஈரம் ஜாஸ்தி தம்பி. எடை கூடணும்னு தண்ணி தெளிச்சு வெச்சிருப்பாவ" என்பார்.

ஆக்ரி என்பது இந்த ஊர்ச் சொல். பழைய பேப்பர், துருப்பிடித்த இரும்பு, ஓட்டை பக்கெட், சுற்றாத ஃபேன் எல்லாவற்றுக்கும் சேர்த்து அந்த ஒரே பெயர். அண்ணாச்சி சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து வந்தவர். உந்துவண்டியைத் தள்ளிக்கொண்டு "ஆக்ரியேய்..." என்று குரல் கொடுத்தால், மூன்றாவது மாடியில் இருப்பவர்களுக்கும் தங்கள் வீட்டில் எதெல்லாம் உபயோகமில்லாமல் கிடக்கிறது என்று ஞாபகம் வந்துவிடும். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற ஒருவர் அந்தக் குரலைக் கேட்டதும் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொள்வார் என்று சொல்வார்கள்.

நான் கிழக்கேகோட்டை பஸ் ஸ்டாண்டை ஒட்டிய சந்தில் ஒரு ஃபோட்டோஸ்டாட் கடையில் வேலை பார்க்கிறேன். தென்காசிப் பக்கம். பத்தாம் வகுப்பு வரை படித்தவன். இங்கே வந்து இருபத்திரண்டு வருஷம் ஆகிறது. மூன்று பாஷை தெரியும், மூன்றிலும் பேச மாட்டேன். "எத்தனை காப்பி?", "ஒரு பக்கமா, ரெண்டு பக்கமா?" என்ற இரண்டு கேள்விகளோடு என்னுடைய ஒரு நாள் பேச்சு முடிந்துவிடும். கடை முதலாளி ஒரு சேச்சி. எனக்கும் சேர்த்து அவரே பேசிவிடுவார்.

எங்கள் கடையின் உயிர் லாமினேஷன் மெஷின். இந்த ஊர்க்காரர்களுக்கு ஒரு காகிதத்தின்மேல் மரியாதை வந்துவிட்டால் அதை உடனே பிளாஸ்டிக்குக்குள் போட்டு மூடியாக வேண்டும். ஜாதகம், ரேஷன் கார்டு, மார்க் லிஸ்ட், பத்மநாப சுவாமி படம் எல்லாம் வரும். ஒருவர், ஒரே ஒரு எண்ணில் பரிசு தவறிப்போன லாட்டரிச் சீட்டை லாமினேட் செய்து பர்ஸில் வைத்துக்கொண்டார், தினமும் எடுத்துப் பார்த்துத் துக்கப்பட. இன்னொருவர் தன்னுடைய கல்யாணப் பத்திரிகையோடு வந்தார். "இதாவது கிழியாம இருக்கட்டும்" என்றார். நான் காரணம் கேட்கவில்லை. இருபத்திரண்டு வருஷம் இந்த வேலையைச் செய்தவனுக்கு உலகத்தில் இரண்டே வகைக் காகிதம்தான் உண்டு: லாமினேட் செய்தது, இனிமேல் செய்ய வேண்டியது. பின்னால் நடந்ததற்கெல்லாம் இதுதான் காரணம்.

கடையில் வீணாகிப்போன காப்பிகளை எடுத்துப்போக அண்ணாச்சி சனிக்கிழமை மத்தியானங்களில் வருவார். அப்படி ஒரு சனிக்கிழமை, துண்டில் சுற்றிய ஏதோ ஒன்றைப் பச்சைக் குழந்தையைப்போல இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு வந்தார்.

"தம்பி, இது என்ன லிஸ்டுன்னு பாரு."

வித்துரா தாண்டி போணக்காடு போகும் வழியில் ஒரு பழைய எஸ்டேட் பங்களாவை இடிக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு, டெம்போ பேசிப் போயிருக்கிறார். குளியல்தொட்டி, விளக்கு, கட்டில் என்று கிடந்ததோடு ஒரு பெட்டியில் இந்தப் புத்தகம். திறந்தால் பக்கத்துக்கு ஒரு படம், படத்துக்குக் கீழே ஒரு சொல். பெரிய வீட்டைக் காலி செய்யும்போது முதலாளிமார் சாமான் லிஸ்ட் கொடுப்பது இந்தத் தொழிலில் வழக்கம். தனக்கு இங்கிலீஷ் தெரியாது என்பதால் படம் போட்டே கொடுத்திருக்கிறார்கள் என்று அண்ணாச்சி சந்தோஷப்பட்டிருக்கிறார். புத்தகமும் கையுமாக அறை அறையாகப் போய்ச் சரிபார்த்தார். மணி இருந்தது. கெட்டில் இருந்தது. குடைகூட இருந்தது. ஒட்டகம் இல்லை.

"ஒட்டகத்த எங்க ஓய்?" என்று வாச்மேனைக் கேட்டிருக்கிறார்.

"எந்து ஒட்டகம்?"

"லிஸ்டுல இருக்குல்லா. ராஜா ஒருத்தரு, கப்பல் ஒண்ணு, வரிக்குதிர ஒண்ணு, அதையும் காங்கல. யாருக்கு வித்தீரு?"

ஒரு மணி நேரம் சண்டை. கடைசியில், ஒட்டகத்தை முதலாளியே கொண்டுபோய்விட்டார் என்று வாச்மேன் ஒப்புக்கொண்ட பிறகுதான் டெம்போ கிளம்பியது.

அன்றைக்கு நான் என் வழக்கத்துக்கு மாறாக நீளமாகப் பேசவேண்டி வந்தது. "அண்ணாச்சி, இது லிஸ்ட் இல்ல. அந்தக் காலத்து வெள்ளைக்காரப் பிள்ளைகளுக்கு ஏ, பி, சி சொல்லிக்கொடுக்கிற புஸ்தகம்."

அண்ணாச்சி பேப்பர் கட்டின்மேல் உட்கார்ந்துவிட்டார். "பிள்ளைகளுக்கா? சின்னப் பிள்ளைகளுக்கு ஒரு எழுத்துச் சொல்லிக்கொடுக்கவா இம்புட்டு மெனக்கெட்டான்?" ஒவ்வொரு தாளாகத் திருப்பிக்கொண்டு கடை மூடும் வரை அப்படியே இருந்தார். அவருக்குப் பைத்தியம் பிடித்த நாள் அதுதான்.

அதன் பிறகு நாலைந்து வருஷத்தில், மூடிப்போன ஒரு பள்ளிக்கூடம், காலமான ஒரு தலைமையாசிரியரின் அலமாரி என்று எங்கெங்கோ இருந்து இன்னும் மூன்று எழுத்துப் புத்தகங்கள் சேர்த்தார். எல்லாம் நூறு வருஷத்துக்கு மேலானவை. இந்த நாலையும் ஒருநாளும் எடை போட்டதில்லை. "தராசுல ஏறிட்டா அது ஆக்ரி ஆயிரும் தம்பி" என்பார். வேப்பிலை போட்ட அரிசி டின்னில் இருந்தன. பார்க்க ஆசைப்படுகிறவர்கள் கையைக் கழுவித் துடைத்துக் காட்ட வேண்டும்.

படிக்கத் தெரியாதவர் என்பதால் அவருக்கு அபிப்பிராயம் இல்லை என்று நினைக்கக்கூடாது. ஒரு புத்தகத்தில் எழுத்துக்கு ஒரு குறும்புப் பிள்ளை. ஒன்று நெருப்போடு விளையாடும், ஒன்று கிணற்றை எட்டிப் பார்க்கும், ஒன்று பழுக்காத காயைத் தின்னும். அடுத்த படத்தில் டாக்டர் வந்திருப்பார், அல்லது வரவேண்டிய அவசியமே இருக்காது.

"பன்னண்டு எழுத்துக்குள்ள ஏழு பிள்ளைக போய்ச் சேந்துட்டு, பாத்தியா? இந்தப் புஸ்தகத்துக்குப் பயந்துதான் அதுக கப்பலேறி இங்க ஓடியாந்திருக்கு. நாம என்னடான்னா நம்மள ஆள வந்திருக்கான்னு நெனச்சிட்டோம்."

அவருடைய ஆராய்ச்சியின் உச்சம் எக்ஸ். அந்த எழுத்தில் ஆரம்பிக்கிற சாமான் வெள்ளைக்காரனிடம் ஒன்றும் இல்லை என்பதை அவரே கண்டுபிடித்தார். நாலு புத்தகத்தில் மூன்றில், அந்த இடம் வந்ததும், எங்கிருந்தோ அந்த எழுத்தில் பெயர் ஆரம்பிக்கிற ஒரு தாடிக்கார ராஜாவைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார்கள். நாலாவதில் வெறும் பீப்பாய்மேல் ஒரு பெருக்கல் குறி.

"ஊரு ஊரா வளைச்சுப் புடிச்சவனுக்கு ஒரு எழுத்துக்குப் படம் கிடைக்கல பாரு. எக்ஸ்ரேய எதுக்குக் கண்டுபிடிச்சான்னு நெனைக்க? எலும்பப் பாக்கவா? இந்த எழுத்துக்கு ஒரு படம் வேணும்லா! அன்னைக்குத்தான் அவனுக்கு மூச்சு வந்திருக்கும்."

ஒருநாள் பெரிய பள்ளிக்கூடத்துப் பிரின்சிபல் அம்மா ஒருவர் கேள்வித்தாள் காப்பி எடுக்க வந்திருந்தார். அண்ணாச்சி விடவில்லை.

"டீச்சரம்மா, உங்க பிள்ளைக எக்ஸுக்கு என்ன படிக்கி?"

"சைலஃபோன்."

"அது என்னது?"

"ஒரு மியூசிக் இன்ஸ்ட்ருமென்ட்."

"நீங்க பாத்துருக்கியளா?"

அந்த அம்மா யோசித்தார். "படத்துல."

"அப்ப உங்களுக்கும் அதே ராஜாதான்" என்று சொல்லிவிட்டு அண்ணாச்சி பேப்பர் கட்டைத் தூக்கிக்கொண்டு போனார். பிரின்சிபல் அம்மா அதோடு வேறு கடைக்குப் போய்விட்டார். "எடோ, உன்டெ அண்ணாச்சி என்டெ கஸ்டமரை ஓடிச்சு விட்டு" என்று சேச்சி ஒரு வாரம் என்னைத் திட்டினார்.

இங்கே செகரட்டரி சாரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். பக்கத்துக் காலனியின் குடியிருப்போர் சங்கச் செயலாளர் அவர். அது தவிர பதினோரு அமைப்புகளில் கன்வீனர், உப தலைவர், ரட்சாதிகாரி என்கிற புரவலர். அவருடைய விசிட்டிங் கார்டை அடித்தவன் நான். பதவிகள் ஒரு கார்டில் கொள்ளாமல், கல்யாணப் பத்திரிகை மாதிரி மடிக்கிற வகையில் செய்ய வேண்டிவந்தது. என்னிடமும் அண்ணாச்சியிடமும் அவர் பேசுவது தமிழென்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார்.

அந்தக் காலனியில் ஒரு வீட்டில் பித்தளை உருளி காணாமல் போனது. அடுத்த நாளே செகரட்டரி சார் கடைக்கு வந்து ஒரு போர்டு அடிக்கச் சொன்னார். 'ஆக்ரிக்காரர்களுக்கு உள்ளே அனுமதி இல்லை.' மலையாளத்திலும் இங்கிலீஷிலும் பெரிய எழுத்தில் அடித்து, மழை பட்டாலும் அழியாதபடி லாமினேட் செய்து கொடுத்தேன். நாலு நாள் கழித்து உருளி அதே வீட்டு மொட்டைமாடியில், துளசிச் செடி வைக்கப்பட்ட நிலையில் கிடைத்தது. உருளி திரும்பி வந்தது. போர்டு திரும்பி வரவில்லை.

அந்தக் காலனிக்குப் பதினைந்து வருஷமாகப் போய்வந்தவர் அண்ணாச்சி. கேட்டருகே நிறுத்தப்பட்டு நேராக என்னிடம் வந்தார். போர்டின் இன்னொரு பிரதி கடைச் சுவரில் சாய்த்து வைத்திருந்தது.

"என்ன எழுதிருக்கு தம்பி?"

வாசித்தேன்.

"இதுல எம்பேரு எங்க இருக்கு?"

அந்தச் சொல்லைத் தொட்டுக் காட்டினேன். ரொம்ப நேரம் பார்த்தார். "அழகாத்தான் அடிச்சிருக்க" என்றார். அதன் பிறகு இரண்டு சனிக்கிழமை வரவில்லை.

மூன்றாவது சனிக்கிழமை வந்தபோது கையில் ஒட்டகப் புத்தகம் இருந்தது. பூச்சி ஒரு மூலையை அரித்திருப்பதாகச் சந்தேகம். வெளிச்சத்தில் பார்க்க என் மேஜையில் விரித்திருந்தார். அந்த நேரத்தில் செகரட்டரி சார் இன்னும் கொஞ்சம் அழைப்பிதழ் அடிக்க வந்தார். அவருடைய பதினோரு அமைப்புகளில் ஒன்றான பழம்பொருள் ஆர்வலர் குழு, வருகிற திங்கட்கிழமை மியூசியம் பக்கத்து ஹாலில் பழைய காலத்துக் குழந்தைப் புத்தகங்களுக்குக் கண்காட்சி வைக்கிறது.

மேஜையைப் பார்த்த சார் அழைப்பிதழை மறந்துவிட்டார்.

"ஈஸ்வரா! ஹேண்ட் கலரிங்! இது எவிடுன்னு கிட்டி?"

"எஸ்டேட்ல சாமான் வாங்குனப்ப."

சார் குனிந்து, மூச்சை அடக்கிக்கொண்டு பார்த்தார். அந்தக் காலத்தில் படத்தைக் கறுப்பில் அச்சடித்து, நிறத்தைக் கையால் தீட்டுவார்களாம். சின்னப் பிள்ளைகளை வரிசையாக உட்கார வைத்து, ஒரு பிள்ளைக்குச் சிவப்பு, ஒரு பிள்ளைக்கு நீலம் என்று கொடுத்துவிடுவார்களாம். தாள் கைமாறிக் கைமாறிப் போகும். அண்ணாச்சி ஒட்டகத்தின் சேணத்தைப் பார்த்தார். சிவப்பு கோட்டைத் தாண்டி வழிந்திருந்தது. அதுநாள் வரை, சிவப்பு அடித்த ஆளுக்கு வேலையில் மனசில்லை என்று திட்டிக்கொண்டிருந்தவர்.

"அந்தச் சிவப்பு அடிச்ச பிள்ளைக்கு எழுத்துத் தெரிஞ்சிருக்குமா சார்?"

"அதொக்கெ யாருக்குத் தெரியும்? புஸ்தகத்தை எனிக்குத் தரூ. கண்ணாடிப் பெட்டியில வெக்காம்."

"தாரேன். பக்கத்துல எம்பேரு போட்ட கார்டு வெக்கணும்."

"அதுக்கென்ன? பேர் என்ன?"

"ஆக்ரி அண்ணாச்சி."

சார் சிரித்தார். "அல்ல, ஒரிஜினல் பேர்."

"கேட்டுல தொங்குத போர்டுல ஒரிஜினல் பேரா போட்டிய? வரக்கூடாதுன்னு சொல்லுததுக்கு என்ன பேரு எழுதுனியளோ, வந்திருக்கேன்னு சொல்லுததுக்கும் அதே பேரு வேணும். எழுத்தும் அதே பெருசு."

செகரட்டரி சாருக்கு வியர்த்தது. திறந்துவைக்க வருகிறவர் பெரிய அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்றவர். அவர் கண்ணில் 'ஆக்ரி' படலாமா? 'தனியார் சேகரிப்பிலிருந்து' என்று போடுவதுதான் முறை என்று விளக்கினார்.

"அது யாரு தனியாரு? அவரு வந்து புஸ்தகம் தரட்டும்" என்று அண்ணாச்சி துண்டை எடுத்துப் புத்தகத்தைச் சுற்றத் தொடங்கினார். முதல் சுற்றிலேயே சார் இறங்கி வந்தார்.

அங்கேயே கார்டு அடித்தேன். 'இந்தப் புத்தகம் ஆக்ரி அண்ணாச்சியின் சேகரிப்பிலிருந்து.' மூன்று பாஷையில். அண்ணாச்சி என்னை நாலு தடவை வாசிக்கச் சொன்னார். "இதையும் அழகாத்தான் அடிச்சிருக்க" என்றபோது அவர் முகத்தைப் பார்க்க எனக்குக் கூச்சமாக இருந்தது.

திங்கட்கிழமை காலையில் திறப்பு விழா. மழைக்காலம், அவருடைய ஷெட் ஒழுகும். ஆகவே புத்தகத்தை என்னிடம் விட்டுப்போனார்.

"திங்கக்கெழம ஊர்ப்பட்ட ஆளு வந்து தொடுவான். ஒரு பொட்டுத் தண்ணி, ஒரு வெரல் அழுக்குப் படப்படாது. உன் பொறுப்பு. பாத்துக்கோ."

"பாத்துக்கிடுதேன் அண்ணாச்சி."

பார்த்துக்கொண்டேன். ஞாயிற்றுக்கிழமை காலை சேச்சி ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார். கடையில் நான் மட்டும். புத்தகத்தின் தையல் நூல் இற்றுப்போயிருந்தது. பிளேடால் மெதுவாக அறுத்து எடுத்தேன். பதிமூன்று தாள்களையும் பிரித்து, மெல்லிய பிரஷ்ஷால் தூசி தட்டினேன். இருப்பதில் தடிமனான ஃபிலிமை எடுத்தேன், கலெக்டர் கையெழுத்துக்குக்கூட அதைப் போடுவதில்லை. ஒவ்வொரு தாளாக மெஷினுக்குள் விட்டேன். ஒரு குமிழ் இல்லை, ஒரு சுருக்கம் இல்லை. பிள்ளைகள் கையில் குத்தாதபடி மூலைகளை வட்டமாக வெட்டினேன். அதோடு விட்டிருக்கலாம். பொன்னிறத்தில் ஒரு ஸ்பைரல் இருந்தது. அதையும் போட்டேன். எனக்குத் தெரிந்த மரியாதைகளில் பெரியதை அந்தப் புத்தகத்துக்குச் செய்துவிட்ட நிறைவோடு டீ குடிக்கப் போனேன்.

திங்கட்கிழமை காலையில் செகரட்டரி சார் பட்டு ஜிப்பாவில் வந்தார். கையில் வெள்ளைப் பருத்தி உறை. விரல் எண்ணெய் பழைய தாளில் பட்டால் கெட்டுவிடும் என்பதற்காக. அண்ணாச்சி சலவைச் சட்டை போட்டு, தலையில் எண்ணெய் வழிய வாரியிருந்தார். உறை போட்ட இரண்டு கைகளையும் சார் என்முன் நீட்டினார். நான் புத்தகத்தை வைத்தேன். டியூப்லைட் அதில் பளபளவென்று அடித்தது.

சாரிடமிருந்து ஒரு சத்தம் வந்தது. அதைப் போன்ற சத்தத்தை ஒரே ஒரு தடவைதான் கேட்டிருக்கிறேன், மெஷினுக்குள் ஸ்டேப்ளர் பின் போய் மாட்டியபோது.

"எந்தா இது... ஸ்பைரல்... ஸ்பைரல்!" ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். "நூற்றைம்பது வருஷத்துப் புஸ்தகம்! இனி பிரிக்கவும் பற்றில்லா, முடியாது! கொன்னாச்சு! இது ஆரா செய்தது?"

சேச்சி என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் என் வேலை போய்க்கொண்டிருந்தது. நான் மெஷினை அணைத்தேன்.

அண்ணாச்சி புத்தகத்தைப் பார்த்தார். பிறகு மெஷினைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"நாந்தான் செய்யச் சொன்னேன்."

"நீயா? எதுக்கு?"

"பிள்ளைக தொட்டா அழுக்காகப்படாதுல்லா."

"எடோ, இது இனி புஸ்தகம் அல்ல. வெறும் பிளாஸ்டிக். போயி எடை போட்டுப் பாரு, ஆக்ரி வெல கிட்டும்!"

அண்ணாச்சி நிமிர்ந்தார். "ஆக்ரி வெல நீங்க சொல்லப்படாது சார். அது என் தொழிலு."

செகரட்டரி சார் உறைகளைக் கழற்றி ஜிப்பாப் பையில் போட்டுக்கொண்டார். அடித்து வைத்திருந்த கார்டுகளில் அண்ணாச்சி பெயர் போட்டதை மட்டும் உருவி, "இது வேண்டா" என்று மேஜைமேல் போட்டுவிட்டு ஆட்டோவில் ஏறினார்.

அதன் பிறகுதான் அண்ணாச்சி என் பக்கம் திரும்பினார்.

"ஏம்லே இப்படிப் பண்ணுன?"

அதுவரை என்னை அவர் 'லே' போட்டுக் கூப்பிட்டதில்லை.

"நல்லாருக்கும்னு நெனச்சேன் அண்ணாச்சி."

"பழைய நூலு எங்க?"

இரண்டு பேருமாகக் குப்பைக்கூடையைக் கவிழ்த்துத் தேடினோம். ஒரு விரல்கடை நீளத்துக்கு இரண்டு துண்டு கிடைத்தது. அதைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். வழக்கம்போலப் புத்தகத்தைத் துண்டில் சுற்றினார். வெளியே நல்ல மழை. ஒரு நிமிஷம் யோசித்துவிட்டுத் துண்டை உருவித் தலையில் கட்டிக்கொண்டு, புத்தகத்தை வெறுமனே வண்டியில் போட்டுத் தள்ளிக்கொண்டு போனார். மழையில் அது இன்னும் பளபளத்தது.

எங்கே போகிறார் என்று தெரிந்துவிட்டது. நான் மேஜையிலிருந்த கார்டை எடுத்தேன். எனக்கு வேறு என்ன தெரியும்? அதையும் லாமினேட் செய்தேன். துளை போட்டுக் கயிறு கோர்த்து, "சேச்சி, இப்ப வாரேன்" என்றேன். இருபத்திரண்டு வருஷத்தில் கடை நேரத்தில் நான் வெளியே போனதில்லை. சேச்சி ஏதோ சொல்ல வந்து, "குட எடுத்தோ" என்றார்.

ஹாலில் கூட்டம் இருந்தது. மூன்று பள்ளிக்கூடங்களிலிருந்து பிள்ளைகளைக் கூட்டிவந்து வரிசையாக நிற்க வைத்திருந்தார்கள். திறந்துவைக்க வந்தவர், குழந்தைகள் புத்தகத்தைத் தொட்டு உணர வேண்டியதன் அவசியத்தைப் பற்றி ஐம்பது நிமிஷம் பேசினார். அவருக்குப் பின்னால் சுவர் முழுக்க 'தொடாதீர்' போர்டு. முப்பதும் நான் அடித்தவை. கண்ணாடிப் பெட்டிகளில் ஒன்று காலியாக இருந்தது. அதற்குப் பக்கத்துப் பெட்டியில் இன்னொரு எழுத்துப் புத்தகம். அதன் கார்டும் நான் அடித்ததுதான், அடிக்கும்போது கவனிக்கவில்லை. 'பிள்ளைகள் கிழித்துவிடாதபடி தாள்கள் துணியில் ஒட்டப்பட்டவை. அக்காலத்தின் அரிய உத்தி.' இரண்டு தடவை வாசித்தேன். நான் செய்த தப்பு இதுதான்: நூறு வருஷம் தாமதமாகச் செய்துவிட்டேன்.

கேட்டுக்கு வெளியே அண்ணாச்சி வண்டியோடு நின்றுகொண்டிருந்தார். உள்ளே போகக் கேட்கவில்லை. பிள்ளைகள் பஸ்ஸுக்காக வெளியே வந்தன. வண்டியில் விரித்த பக்கத்தில் ஒட்டகம் மழையில் நனைந்துகொண்டு நின்றது. ஒரு சின்னப் பெண் கிட்டே வந்து, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, "தொட்டோட்டே?" என்று கேட்டாள். உள்ளே கற்றுக்கொண்ட மரியாதை.

"தொடு. தேய்ச்சுப் பாரு. ஈரத்தத் தொடச்சுப் பாரு."

அவ்வளவுதான். குடை, பை, டீச்சர் எல்லாவற்றையும் போட்டுவிட்டு நாற்பது பிள்ளைகள் வண்டியை மொய்த்துவிட்டன. நீர்த்துளியை விரலால் இழுத்து ஒட்டகத்துக்கு ஐந்தாவது கால் வரைந்தான் ஒருவன். அண்ணாச்சி எழுத்து எழுத்தாகத் திருப்பிக் கதை சொன்னார். பாதி தமிழ், பாதி மலையாளம். பிள்ளைகளுக்கு எல்லாம் புரிந்தது. நான் கூட்டத்தில் நுழைந்து, யார் முகத்தையும் பார்க்காமல், கார்டை வண்டியின் கைப்பிடியில் கட்டினேன். கண்ணாடி போட்ட ஒரு பையன் உரக்க வாசித்தான்.

"ஆரா இந்த ஆக்ரி அண்ணாச்சி?"

"நாந்தான்" என்றார் அண்ணாச்சி. தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டு சொன்னார்.

திறந்துவைக்க வந்த பெரியவர் வெளியே வந்து கூட்டத்தைப் பார்த்தார். கேமராக்காரர்களைப் பார்த்தார். நேராக வண்டிக்கு வந்து ஒரு பிள்ளையின் தோளில் கைபோட்டு நின்றார். அடுத்த நாள் பத்திரிகையில் வந்த படம் அதுதான். நடுவில் வண்டி, வண்டியில் கார்டு, கார்டில் பெயர் தெளிவாக. ஓரத்தில் பெரியவருக்குக் குடை பிடித்துக்கொண்டு செகரட்டரி சார்.

மத்தியானம் சார் அந்தப் பத்திரிகைத் துண்டோடு கடைக்கு வந்தார். என் முகத்தைப் பார்க்காமல் நீட்டினார். "லாமினேஷன். நல்லா கட்டியா." போட்டுக் கொடுத்தேன். அவர் வீட்டு வரவேற்பறையில் அது இன்றைக்கும் தொங்குகிறது. காலனி கேட்டில் போர்டும் தொங்குகிறது. ஒரே பெயர், ஒரே கடை வேலை, இரண்டுமே இதுவரை மங்கவில்லை.

அண்ணாச்சி பிறகும் சனிக்கிழமைகளில் வந்தார். என்னை மன்னித்தாரா என்று தெரியாது. கையில் ஏதாவது பழைய தாள் இருந்து, நான் பார்க்கக் கை நீட்டினால் சட்டென்று முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொள்வார். மற்ற மூன்று புத்தகங்களை என் கண்ணிலேயே காட்டவில்லை. முழங்கால் வலி அதிகமாகி வண்டி தள்ள முடியாமல் போனதும், மகள் வந்து சங்கரன்கோவிலுக்குக் கூட்டிப்போனாள். டின்னோடு போனார்.

போன மாதம் கடை ஃபோனுக்கு ஒரு அழைப்பு. மகள்தான்.

"மாமா, அப்பா கேக்கச் சொன்னாவ. எம்பிள்ள புஸ்தகத்துல சாம்பாரக் கொட்டிட்டா. படத்துல பட்டது தொடச்சதும் போயிட்டு. கூடக் கெடந்த கார்டுலயும் கொட்டிட்டு. அத எதை வெச்சுத் தொடைக்கணும்னு கேக்காவ. அப்பா பேரு அழிஞ்சிரக்கூடாதாம்."

பின்னால் அண்ணாச்சியின் குரல் கேட்டது. "அவன்ட்ட நல்லாக் கேளுட்டி!"

ஈரத்துணி போதும், அழுத்தியே துடைக்கலாம் என்றேன். அழியவே அழியாதா என்று அவள் மறுபடியும் கேட்டாள். எங்கள் கடைச் சுவரில், 'செய்த வேலைக்கு எந்த உத்தரவாதமும் இல்லை' என்று சேச்சி எழுதி மாட்டிய பலகை இருக்கிறது. அதற்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றுகொண்டு, "அழியாதும்மா, நான் உத்தரவாதம்னு அண்ணாச்சிகிட்ட சொல்லு" என்றேன்.